கணினி படிக்கத் தமிழை விடவேண்டுமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

கணினித் துறை வேலைகள் பற்றிச் சென்ற வாரம் நீங்கள் வெளியிட்ட கட்டுரையை என் மகன் கத்தரித்து ஃப்ரிட்ஜ் கதவில் ஒட்டிவைத்திருக்கிறான். உயர்நிலை நான்கு படிக்கும் என் பேத்திக்குத் தொடக்கக் கல்லூரியில் தமிழ் மொழியும் இலக்கியமும் எடுக்க ஆசை. “கம்ப்யூட்டர் படிக்கப் போகிறவளுக்கு அது எதற்கு?” என்கிறான் மகன். கட்டுரையில் இணையப் பாதுகாப்பு இருந்தது, தரவு அறிவியல் இருந்தது. தகவல் மீட்பு, அதாவது குவிந்து கிடக்கும் ஆவணங்களில் வேண்டியதைத் தேடி எடுத்துத் தரும் துறை மட்டும் இல்லை. முப்பது ஆண்டுகள் நூலகத்தில் வேலை பார்த்தவள் நான். நூல் பட்டியல் அட்டைகளில் தேடித் தேடி விரல் தேய்ந்தவள். அது விடுபட்டது எனக்கு உறுத்தியது.

போன மாதம் பள்ளிப் பாடவேலைக்காகப் பேத்தி, சவுத் பிரிட்ஜ் சாலை மாரியம்மன் கோயில் தீமிதியைப் பற்றி ஓர் இணையத்தளத்தில் தேடினாள். ‘தீமிதி’ என்று போட்டால் சில கட்டுரைகள். ‘தீ மிதி’ என்று இடம்விட்டுப் போட்டால் வேறு சில. “பூக்குழி என்று போட்டுப் பாரம்மா” என்றேன். அதுவரை கண்ணில் படாத பழைய கட்டுரைகள் வந்தன. இரண்டும் ஒன்றுதான் என்று அந்தத் தளத்துக்குத் தெரியவில்லை, பாட்டிக்குத் தெரிந்தது. இதில் வேற்றுமை உருபு வேறு. ‘வீடு’ என்று தேடினால் ‘வீட்டில்’, ‘வீட்டுக்கு’ எல்லாம் கிடைக்க வேண்டாமா? அதைக் கணினிக்குச் சொல்லித்தர இலக்கணம் தெரிந்த ஆள் வேண்டும்.

ஒரு பொருளுக்குப் பல சொல் என்ற இந்தச் சிக்கலைத்தான் கேரன் ஸ்பார்க் ஜோன்ஸ் என்ற கணினி அறிஞர் தன் முனைவர் பட்டத்துக்கு எடுத்துக்கொண்டார். 1935ல் இங்கிலாந்தில் பிறந்தவர். கேம்பிரிட்ஜில் படித்தது வரலாறும் தத்துவமும். கொஞ்ச காலம் பள்ளி ஆசிரியை. அப்புறம் அங்கேயே ஒரு மொழி ஆய்வுக் குழுவில் சேர்ந்தார். அங்கே அவர்கள் கணினிக்கு ஊட்டிப் பார்த்தது, நம் நிகண்டு மாதிரியான ஓர் ஆங்கிலச் சொற்களஞ்சியத்தை!

1972ல் அவர் எழுதிய கட்டுரையின் கருத்து எளிமையானது. எல்லா ஆவணத்திலும் வரும் சொல் தேடலுக்கு உதவாது. சிலவற்றில் மட்டும் வரும் சொல்லுக்கே மதிப்பு அதிகம். கோயில் கட்டுரைகளில் ‘கோயில்’ என்று தேடி என்ன பயன்? ‘பூக்குழி’ என்றால்தான் வழி தெரியும். நூலகத்தில் நாங்கள் அனுபவத்தில் செய்ததுதான், அவர் அதைக் கணக்காக்கினார். கூகல் பிறப்பதற்குக் கால் நூற்றாண்டுக்கு முன்பே! பிறகு வந்த தேடுபொறிகள் பலவற்றில் அந்தக் கணக்கு இருந்தது. இன்று கேட்டதும் பதில் சொல்லும் ஏஐகூடப் பல நேரம் முதலில் தேடி எடுத்துவிட்டுத்தான் பேசுகிறது.

இவ்வளவு செய்தவருக்குப் பல ஆண்டுகள் நிரந்தர வேலை கிடையாது. ஆய்வுப் பணம் உள்ளவரை ஒப்பந்தம், அவ்வளவுதான். பேராசிரியர் பதவி 1999ல்தான் வந்தது, வயது அறுபதைத் தாண்டிய பிறகு. இதை மகனிடம் சொல்லியிருக்கக் கூடாது, “பார்த்தீர்களா!” என்று பிடித்துக்கொண்டான். சரி, அதுவும் உண்மைதான், மறைப்பானேன். ஆண்களிடம் மட்டும் விட்டுவிட முடியாத அளவுக்குக் கணினித் துறை முக்கியமானது என்று அந்த அம்மா சொன்னதையும் சொன்னேன். அதற்கு அவனிடம் பதில் இல்லை.

அடுத்த முறை வேலைவாய்ப்புப் பக்கம் போடும்போது, தமிழில் தேடலைச் சரிசெய்யும் வேலையில் இருக்கும் நம் பிள்ளைகள் யாரையாவது பேட்டி எடுத்துப் போடுங்கள். ஃப்ரிட்ஜ் கதவில் இன்னும் இடம் இருக்கிறது.

ஓய்வுபெற்ற நூலக ஊழியர்,
தோ பாயோ