காண்ட் சொன்னதும் காண்டுக்கு நேர்ந்ததும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பதினெட்டாம் நூற்றாண்டில் பகுத்தறிவை முன்னிறுத்திய ஐரோப்பிய அறிவொளிக் காலம் பற்றித் தங்கள் இதழில் வெளிவரும் தொடரைத் தவறாமல் வாசித்து வருகிறேன். சென்ற இதழில் வந்த பகுதி, ஜெர்மன் மெய்யியலாளர் இம்மானுவேல் காண்ட் 1784இல் எழுதிய ‘அறிவொளி என்றால் என்ன?’ என்ற கட்டுரையின் முதல் பத்தியை மட்டும் எடுத்துக்கொண்டு, அரசனுக்கும் திருச்சபைக்கும் எதிராகப் பகுத்தறிவு தொடுத்த போரின் அறைகூவலாக அதைக் காட்டியிருந்தது. அப்பத்தியில் வரும் ‘அறியத் துணிவு கொள்’ என்ற முழக்கம் ரோமானியக் கவிஞர் ஹொரேசிடமிருந்து பெற்றது. ஒருமுறை கேட்டாலே நெஞ்சில் தங்கிவிடுவது. ஆனால், அரசுக்கோ சபைக்கோ ஊழியம் பார்க்கும் ஒருவர் எதுவரை பேசலாம், எந்த இடத்தில் பணிந்து போக வேண்டும் என்பதே அக்கட்டுரையின் பெரும்பகுதியில் பேசப்படுகிறது. அதை விட்டுவிட்டால், பத்தாண்டுகள் கழித்துக் காண்டுக்கு நேர்ந்தது எதுவும் நமக்கு விளங்காது.

‘அறிவொளி என்றால் என்ன?’ என்ற கேள்வி பிறந்த இடத்தையே பாருங்கள். பீஸ்டரும் கெடிகேயும் 1783இல் தொடங்கிய பெர்லின் மாத இதழில், திருமணம் நடத்தி வைக்கப் போதகர் தேவையில்லை என்று வாதிட்ட கட்டுரை ஒன்று வெளிவந்தது. அதை மறுத்து எழுதிய ஸோல்னர் என்ற பெர்லின் போதகர், மக்களுக்கு அறிவொளி ஊட்டப் புறப்படுமுன் அறிவொளி என்பது என்னவென்று யாராவது சொல்ல வேண்டாமா, அதற்கான விடையை நான் எங்கும் காணவில்லையே என்று ஓர் அடிக்குறிப்பில் கேட்டார். கேட்டவர் பழமைவாதி அல்லர். பெர்லினில் ‘புதன்கிழமைக் கழகம்’ என்று இரகசியமாகக் கூடிவந்த குழுவில் அவரும் பீஸ்டரும் சேர்ந்தே உறுப்பினர்கள். பெர்லினைத் தலைநகராகக் கொண்ட பிரஷ்ய முடியாட்சியின் பொதுச் சட்டத் தொகுப்பை உருவாக்கிய ஸ்வாரெஸ், கிளைன் போன்ற உயர் அலுவலர்களும் அதில் இருந்தார்கள். தணிக்கையை எவ்வளவு தளர்த்தலாம், எந்த உண்மையை யாரிடம் எப்போது சொல்லலாம் என்பதே இவர்கள் தங்களுக்குள் நடத்திய விவாதம். அரசாங்கத்தின் உள்ளேயே இருந்தவர்கள் கேட்ட கேள்வி அது.

காண்டுக்கு முன்பே, 1784 செப்டம்பர் இதழில், அதற்கு விடை எழுதியவர் யூத மெய்யியலாளர் மோசஸ் மெண்டல்சோன். (காண்டின் கட்டுரை டிசம்பரில்தான் வந்தது, மெண்டல்சோன் எழுதியதைத் தாம் இன்னும் பார்க்கவில்லை என்று அவரே குறித்திருக்கிறார்.) மனிதனாக ஒருவன் பெறும் அறிவொளியும் குடிமகனாக அவன் பெறும் அறிவொளியும் மோதிக்கொள்ளக்கூடும் என்றும், அப்படி மோதும் நாட்டில் மெய்யியல் தன் வாயில் கைவைத்துக்கொள்ள நேரும் என்றும் மெண்டல்சோன் எழுதினார். பெர்லின் அறிவியல் கழகம் 1771இல் அவரை உறுப்பினராகத் தேர்ந்தெடுத்தும், பிரஷ்ய அரசர் இரண்டாம் பிரெடெரிக் அந்த யூதரின் பெயருக்கு ஒப்புதல் தரவில்லை. அந்த அனுபவம் உள்ளவருக்குத்தான் இந்த மோதலை இவ்வளவு வெளிப்படையாகச் சொல்ல முடிந்தது என்று எனக்குத் தோன்றுகிறது.

காண்ட் அதை வேறு வழியில் தீர்க்க முயன்றார். ஒருவர் தமக்கு அளிக்கப்பட்ட பதவியில் இருந்துகொண்டு அறிவைப் பயன்படுத்துவதைத் தனிப் பயன்பாடு என்றும், அவரே அறிஞராக வாசகர் உலகத்தின் முன் எழுதுவதைப் பொதுப் பயன்பாடு என்றும் பிரித்தார். முன்னதற்குக் கட்டுப்பாடு விதிக்கலாம். பின்னதற்கு எந்தத் தடையும் கூடாது. படை அதிகாரி கட்டளைக்குப் பணிய வேண்டும், ஆனால் படைத்துறையின் குறைகளைப் பற்றி எழுதலாம். குடிமகன் வரி கட்டியாக வேண்டும், வரி நியாயமற்றது என்று அச்சிலும் சொல்லலாம். போதகர் சபையின் கொள்கைப்படியே பிரசங்கிக்க வேண்டும், அக்கொள்கையின் பிழைகளை அறிஞராக நூலில் விளக்கலாம். ‘எவ்வளவு வேண்டுமானாலும் வாதிடுங்கள், ஆனால் கீழ்ப்படியுங்கள்’ என்று சொல்லக்கூடிய அரசராக அவர் பிரெடெரிக்கைப் போற்றுகிறார். அமைதி காக்கக் கட்டுப்பாடான பெரும்படை ஒன்று அவர் கையில் இருப்பதால்தான் அவரால் அப்படிச் சொல்ல முடிகிறது என்றும் அங்கேயே சேர்க்கிறார். அரசனை எதிர்த்துப் போர் தொடுப்பவர் எழுதும் வரியா இது?

இந்த ஏற்பாட்டின் பலவீனத்தை உடனே கண்டவர், காண்டின் ஊர்க்காரரும் நண்பருமான ஹாமன். கோனிக்ஸ்பெர்க் சுங்க அலுவலகத்தில் வேலை பார்த்தவர். 1784 டிசம்பரில் கிரவுஸ் என்ற நண்பருக்கு எழுதிய கடிதத்தில், வீட்டில் அடிமைச் சட்டையோடு இருப்பவனுக்கு விடுதலை என்ற திருவிழா உடையால் என்ன பயன் என்று அவர் கேட்கிறார். தாமாகச் சிந்திக்கத் துணியாதவர்களைக் காண்ட் சாடுகிறார், அவர்களை மேய்க்கும் காப்பாளர் யார் என்பதைச் சொல்லாமல் விடுகிறாரே என்பதும் அவருடைய குற்றச்சாட்டு. பெண்ணினம் முழுவதையும் துணிவற்றவர்கள் பட்டியலில் காண்ட் சேர்த்ததை மூன்று பெண்களைப் பெற்ற தகப்பனாகக் கண்டித்தவரும் அவரே. அறிவொளியின் எதிரி என்று பாடநூல்கள் ஒதுக்கிவைக்கும் ஒருவரிடமிருந்து அதன் மிகக் கூர்மையான விமர்சனம் வந்தது என்பதைத் தொடரின் ஆசிரியர் கவனத்தில் கொள்ளலாம்.

1786இல் பிரெடெரிக் மறைந்தார். புதிய அரசரின் அமைச்சர் வொல்னர் 1788 ஜூலையில் ஒரு சமய ஆணையைப் பிறப்பித்தார். போதகர்கள் தத்தம் சபையின் கொள்கையிலிருந்து விலகிப் போதிக்கக் கூடாது என்பது அதன் சாரம். மாறாத கொள்கைக்குள் வருங்காலத் தலைமுறையைக் கட்டிப்போடுவது மனித இயல்புக்கு எதிரான குற்றம் என்று காண்ட் எழுதியிருந்தார் என்பது உண்மையே. ஆயினும் பிரசங்க மேடையில் போதகருக்குக் கட்டுப்பாடு உண்டு என்பதை அவருடைய கட்டுரையே ஒப்புக்கொண்டிருந்தது. அதே ஆண்டு டிசம்பரில் வந்த தணிக்கை ஆணைதான் அச்சிடப்படும் எழுத்தின் மீது, அதாவது காண்ட் தடையே கூடாது என்ற இடத்தின் மீது, கை வைத்தது. சமயம் பற்றிய அவருடைய இரண்டாம் கட்டுரைக்கு 1792இல் தணிக்கையாளர் அனுமதி மறுத்தார். யேனா பல்கலைக்கழகத்தின் மெய்யியல் புலத்திடம் அனுமதி பெற்று, 1793இல் அவர் அதை நூலாக்கினார். 1794 அக்டோபர் 1ஆம் தேதியிட்ட அரசாணை, மெய்யியலைத் தவறாகப் பயன்படுத்திக் கிறித்தவத்தின் அடிப்படைக் கொள்கைகளைத் திரித்து இழிவுபடுத்தியதாக அவர்மீது குற்றம் சாட்டி, தொடர்ந்தால் விரும்பத்தகாத நடவடிக்கை வரும் என்று எச்சரித்தது. எழுபது வயதான காண்ட் குற்றச்சாட்டை மறுத்தார். ஆனால் ‘மாட்சிமை பொருந்திய தங்களின் விசுவாசமுள்ள குடிமகனாக’ இனிச் சமயம் குறித்து விரிவுரையிலும் எழுத்திலும் ஒன்றும் சொல்வதில்லை என்று உறுதியும் அளித்தார்.

விரிவுரையை நிறுத்தச் சொன்னால் அவருடைய பிரிவினைப்படி அது தனிப் பயன்பாடு, பணிந்து போகலாம். எழுத்தை நிறுத்துவதற்கு அவருடைய கோட்பாட்டில் எந்த இடமும் இல்லை. இருந்தும் நிறுத்தினார். அரசர் 1797இல் இறந்ததும் வாக்குறுதி தீர்ந்ததெனக் கொண்டு, அடுத்த ஆண்டு வெளியிட்ட நூலின் முன்னுரையில் அரசாணையையும் தம் பதிலையும் அச்சிட்டார். அந்த அரசரின் ஆயுள் வரைக்குமே தம்மைக் கட்டும்படியாகத்தான் அச்சொற்களைத் தேர்ந்தெடுத்ததாக அங்கே ஒரு குறிப்பும் எழுதினார். இதைக் கோழைத்தனம் என்று நான் சொல்லமாட்டேன். சற்று வழக்கறிஞர்த்தனம் என்று வேண்டுமானால் சொல்லலாம். முடியாட்சி ஒன்றின் நல்லெண்ணத்தை நம்பி எழுதப்பட்ட உரிமைக்கு, அந்த நல்லெண்ணம் போன பின் வேறு பிடிமானம் இருக்கவில்லை.

அடுத்த பகுதி பாரிசுக்குச் செல்லும் என்று அறிவித்திருக்கிறீர்கள். அதற்கு முன், ஹாமனின் கடிதம், 1794ஆம் ஆண்டு ஆணை, காண்டின் பதில் ஆகிய மூன்றையும் தமிழில் தந்து ஒரு பகுதி எழுதும்படி கட்டுரையாளரைக் கேட்டுக்கொள்கிறேன். மூன்றும் நீளமானவை அல்ல.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர் ஒருவர்,
கும்பகோணம்