சுர்காவைக் கொன்றவர் பிஸே அல்லர்: ஓபரா அரங்க இயக்குநர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய இயக்குநர் பெருமக்களுக்கு,

வணக்கம். பிரெஞ்சு இசையமைப்பாளர் ஜார்ஜ் பிஸேயின் 'முத்துக்குளிப்போர்' என்ற ஓபரா, அதாவது பாடியே நடிக்கும் இசைநாடகம், பின்னாளில் எப்படியெல்லாம் வெட்டி ஒட்டப்பட்டது என்பதை உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. உங்கள் இசை நூலகர்களுக்கு அது அத்துப்படி. சென்ற மாதம் உங்களில் ஒருவருடைய அரங்கில், மூன்றாம் மாடியின் கடைசி வரிசையிலிருந்து அந்த ஓபராவைக் கேட்டேன். நிகழ்ச்சிக் கையேட்டின் முதற்பக்கத்தில் 'இசை: ஜார்ஜ் பிஸே, 1863' என்று அச்சிட்டிருந்தது. மூன்றாம் அங்கத்தின் முடிவில் முத்துக்குளிப்போரின் தலைவன் சுர்கா முதுகில் கத்தி பாய்ந்து விழுந்தான், திரை இறங்கியது, கைதட்டல் எழுந்தது. 1863இல் பிஸே எழுதியதில் சுர்காவை யாரும் குத்துவதில்லை. கையேட்டை முன்னும் பின்னும் புரட்டிப் பார்த்தேன். அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

என் கோரிக்கை எளியது. பிஸே எழுதியதைப் பாடுங்கள். அது இயலாதென்றால், எது அவருடையது, எது பிறர் சேர்த்தது என்பதைக் கையேட்டில் அச்சிடுங்கள்.

1863 செப்டம்பர் 30 அன்று பாரீஸின் தெயாத்ர் லிரிக் அரங்கில் இது முதன்முதலாக மேடையேறியபோது பிஸேக்கு 25 வயதுகூட நிறையவில்லை. 18 முறை நடந்து நின்றுபோனது. பத்திரிகைகள் பெரும்பாலும் குறை சொல்ல, மனமாரப் பாராட்டியவர் இசையமைப்பாளர் பெர்லியோஸ். அதன் பிறகு பிஸே உயிரோடிருந்த ஏறத்தாழ 12 ஆண்டுகளில் அது ஒருமுறைகூட மீண்டும் மேடை காணவில்லை. 1875 மார்ச் 3 அன்று அவருடைய இன்னொரு ஓபரா 'கார்மென்' அரங்கேறியது. சரியாக மூன்று மாதம் கழித்து, ஜூன் 3 அன்று, 36 வயதில் அவர் காலமானார். 'கார்மென்' ஊர் ஊராகக் காசு குவிக்கத் தொடங்கிய பிறகுதான் பதிப்பாளர் ஷூதான் இந்தப் பழைய சரக்கைத் தூசி தட்டி எடுத்தார். 1886இல் மிலானின் லா ஸ்காலா அரங்கில் அது மீண்டும் மேடையேறியது. அந்த ஆண்டுகளில் வந்த பதிப்புகளில் முடிவு மாறியது, கோதார் என்ற வேறொரு இசையமைப்பாளர் எழுதிய மூவர் பாட்டு ஒன்று உள்ளே நுழைந்தது. தட்டிக் கேட்பதற்குப் பிஸே இல்லையல்லவா?

உலகமே முணுமுணுக்கும் அந்த இருவர் பாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். கோயிலில் கண்ட லைலா என்ற பெண்ணை நண்பர்களான நாதிரும் சுர்காவும் நினைத்துப் பாடும் அந்த மெட்டு, பிஸேயின் பிரதியில், பாட்டின் முடிவுக்குத் திரும்பி வருவதில்லை. பெண்ணின் நினைவை ஒதுக்கிவிட்டு, நட்புக்குச் சத்தியம் செய்யும் வேறொரு பகுதியில் பாட்டு முடிகிறது. திருத்தியவர்களோ கைதட்டலை எண்ணி மெட்டைத் திரும்பக் கொண்டுவந்து முடித்துவிட்டார்கள். காதுக்கு இனிமைதான், மறுக்கவில்லை. ஆனால் அவளை மறப்பதாகச் சத்தியம் செய்யும் நேரத்தில் அவளுடைய மெட்டையே பாடினால் அந்தச் சத்தியத்துக்கு என்ன பொருள்?

சுர்காவுக்கு இழைத்தது இதைவிடப் பெரிய அநியாயம். நண்பனையும் லைலாவையும் தப்புவிக்கத் தன் மக்களின் குடியிருப்புக்கே தீ வைத்தவன் அவன். பிஸே அவனைச் சாகவிடவில்லை. காதலர்களின் குரல் தொலைவில் தேய, அவன் தனியே நிற்கிறான், இனித் தன் மக்களின் முகத்தில் விழித்தாக வேண்டும். ஒரு கத்திக்குத்து அந்தக் கணக்கையெல்லாம் அரை நிமிடத்தில் தீர்த்துவிடுகிறது. பார்வையாளருக்கும் கடைசி ரயிலைப் பிடிக்க வசதி.

மன்னார்க் கரையைச் சேர்ந்தவன் என்பதால் இன்னொன்றையும் சொல்லத் தோன்றுகிறது. எங்கள் கடலில் முத்துக்குளிப்பவர்கள், சுறாவின் வாயைக் கட்ட மந்திரம் ஓதும் 'கடல்கட்டி' இல்லாமல் தண்ணீரில் இறங்கத் தயங்கிய காலம் உண்டு. பாறைமேல் நின்று பாடிக் கடலைக் காக்கும் லைலாவைப் பார்த்தபோது எனக்கு அவர்தான் நினைவுக்கு வந்தார். முதலில் மெக்சிகோவில் நடப்பதாக எண்ணிய கதையை இலங்கைக்கு இழுத்துவந்து, பிரமனை வணங்கும் கரையில் நாதிர், லைலா என்று பாரசீக, அரபுப் பெயர்களை உலவவிட்ட கதை வசனகர்த்தாக்கள் கோர்மோனும் கர்ரேயும் இதை அறிந்திருப்பார்கள் என்று நான் நம்பவில்லை. போகட்டும், அவர்கள் எழுதியது அவர்கள் பெயரிலேயே அச்சாகிறது. நான் கேட்பதும் அந்த நேர்மையைத்தான்.

மூலப் பிரதி கிடைக்கவில்லை என்ற சமாதானம் இனிச் செல்லாது. பாடகர்களின் குரலும் பியானோவும் மட்டும் கொண்ட 1863இன் பதிப்பு என்றும் இருந்தது. இசைக்குழு நடத்துநர் பயன்படுத்திய சுருக்கப் பிரதியும் பிரான்ஸின் தேசிய நூலகத்தில் கண்டெடுக்கப்பட்டுவிட்டது. பிராட் கோஹனும் ஹியூ மக்டொனால்டும் பிஸேயின் மூலத்தைப் பதிப்பித்தே தந்துவிட்டார்கள். பழைய வாத்தியப் பிரதிகள் அலமாரியில் இருக்க, புதியவற்றுக்கு எதற்குச் செலவு என்பதுதான் காரணமென்றால் அதையும் வெளிப்படையாகச் சொல்லுங்கள். 'கார்மெ'னில் பிஸே வைத்த பேச்சு வசனங்களை அகற்றி, அவர் இறந்தபின் அவருடைய நண்பர் கிரோ எழுதிய பாட்டு வசனங்களை இன்றும் பாடுகிறீர்கள். அங்கேயாவது கிரோவின் பெயரைப் போடுவோர் சிலர் உண்டு.

ஆத்திரத்தில் வரம்பு மீறியிருந்தால் பொறுத்தருள்க. அடுத்த பருவத்தில் பிஸே எழுதிய முடிவையே பாட வேண்டுகிறேன். இயலாதென்றால், இருவர் பாட்டின் இறுதியும் சுர்காவின் சாவும் பிறர் கைவேலை என்று, கையேடு அச்சுக்குப் போகுமுன் இரண்டு வரி சேர்த்துவிடும்படி பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
மூன்றாம் மாடிக் கடைசி வரிசைக்காரன்