அக்காவுக்கு, அந்தப் பிளாஸ்க்கைப் பற்றி

அக்கா,

இந்த நவம்பர் பைத்தோஸ்தோலனுக்கு, நோர்வேயில ஸ்கீ சீசன் தொடங்கிற இடத்துக்கு, நான் போகேல்ல. இனி எந்தப் பனிக்காலமும் ஸ்கீ ரேஸைக் கமராவில எடுக்கப் போறதில்லை எண்டு நேற்று எழுதிக் குடுத்திட்டன். முதல்ல உங்களுக்குத்தான் சொல்லியிருக்கோணும், ஆனா போன்ல சொன்னா "சரி" எண்டு ஒரு சொல்லோட வச்சிடுவியள், அதான் இங்க எழுதுறன். வீட்டுக் கதை எழுதேல்ல, சொந்தக்காரர் கனபேர் வாசிக்கினம்.

எனக்கு ஒஸ்லோவில அந்த ஹொல்மன்கொலன் ரேஸ்தான் திரும்பத் திரும்ப வருது. ஆம்பிளையளின்ர 50 கிலோமீற்றர், புகார் மூடி இருவது மீற்றருக்கு அங்கால ஒண்டும் தெரியேல்ல, நீங்கள் ஒண்டாம் நம்பர் ட்ரெயின்ல ஏறி, காட்டுக்குள்ள கூடாரமடிச்சு சொசேஜ் சுட்டுக்கொண்டிருந்த சனத்துக்குள்ளால நடந்து, நான் நிண்ட ஏத்தத்துக்கு வந்து வேலிக்கு அங்கால நிண்டனீங்கள், கையில இஞ்சி போட்ட பிளேன்ரீ. நான் ஒருக்காத்தான் திரும்பிப் பாத்தன். புகாருக்குள்ள ஆள் தெரியமுதல் சத்தம்தான் வரும், தடி நுனி ஐஸில குத்துற டிக் டிக், அதைக் கேட்ட உடனே போகஸை ரெடியா வச்சிருக்கோணும், கமராவில சிவப்பு லைற் எரிஞ்சா நாடே பாக்கிறது என்ர படத்தை, காதுக்குள்ள டிரெக்டர் "விடாத, பிடி" எண்டு கத்துறார், குளிருக்கு பற்றரி வேற கெதியா இறங்குது, மிச்சம் ரெண்டையும் ஜக்கெற்றுக்குள்ள நெஞ்சோட அணைச்சு வச்சிருக்கிறன். அவங்கள் ரெண்டு மணித்தியாலத்துக்கு மேல ஓடினாங்கள், நீங்களும் அவ்வளவு நேரமும் நிண்டனீங்கள்.

முடிஞ்சு திரும்பினா பிளாஸ்க் மட்டும் பனிக்குள்ள குத்தி வச்சிருக்கு. ரீ இன்னும் சுட்டது.

நீங்கள் சொல்ல வந்தது என்ன எண்டு ஆறு மாசத்துக்குப் பிறகு ஆரோ சொல்லித்தான் அறிஞ்சன். அது என்ன எண்டு இங்க எழுத மாட்டன். மன்னிச்சுக்கொள்ளுங்கோ அக்கா. ஆனா "தம்பி" எண்டு ஒருக்காக் கூப்பிட்டிருக்கலாம்தானே? கூப்பிட்டிருந்தாலும் திரும்பியிருக்க மாட்டன், அது உங்களுக்குத் தெரியும், தெரிஞ்சபடியால்தான் கூப்பிடேல்ல.

அதுக்காக கலியாண வீட்டில அத்தனை பேருக்கு முன்னால "இவருக்குப் பனிதான் சொந்தம்" எண்டு சொன்னது சரியே? அந்தப் பனியில உழைச்ச காசு எங்க போனது எண்டு உங்களுக்குத் தெரியும். விடுங்கோ.

2018 பியோங்சாங் ஒலிம்பிக் ஞாபகமிருக்கா, 30 கிலோமீற்றர்ல நோர்வேக்காரன் சீமன் குரூகர் தொடங்கின உடனேயே விழுந்து, தடி முறிஞ்சு, எல்லாருக்கும் கடைசியா எழும்பிப் போய்த் தங்கம் எடுத்தது? சோபாவில இருந்து நீங்கள் அழுதனீங்கள். நான் கமராவைத்தான் பாத்துக்கொண்டிருந்தன். விழுந்து கிடக்கிறவனைக் காட்டவும் ஒருத்தன் அந்தக் குளிருக்க நிக்கோணும் அக்கா, அந்த வேலையை நான் உண்மையா விரும்பினனான், இப்பவும் விருப்பம்தான்.

சனிக்கிழமை காலமை வாறன். அம்மாவை நான் குளிக்க வாக்கிறன், நீங்கள் எங்கயாவது வெளிக்கிட்டுப் போங்கோ.