கெவ், கிவி, செவி: சிவராமனுக்கு ஒரு கடிதம்

உதகமண்டலம்

அன்புள்ள சிவராமா,

உன் மூன்று கடிதங்களுக்கும் பதில் எழுதாமல் இருந்துவிட்டேன், மன்னித்துக்கொள். இங்கே எல்லோரும் நலம். முழங்கால் வலி பரவாயில்லை. கணேசனின் வீட்டு வழக்கு இன்னும் முடியவில்லை.

இப்போது அவசரமாக எழுதக் காரணம், நீ ஆண்டுக்கணக்கில் திருப்பிக் கேட்டுக்கொண்டிருக்கும் அந்தப் புத்தகம்தான். மொழியியலாளர்கள் பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதியின் 1984-ஆம் ஆண்டுப் பதிப்பை இந்த மழைக்காலத்தில்தான் முறையாகப் படிக்க உட்கார்ந்தேன். முதல் நாள் ‘செவி’ என்ற சொல்லைத் தேடினேன். சகர வரிசையில் அது இல்லை. அச்சுப்பிழையோ என்றுகூட நினைத்தேன். ககர வரிசையில் இருந்தது! ‘செம்’ என்ற வேரும் அங்கே, ‘சேரி’யும் அங்கே. கன்னடத்தில் கிவி, கெம்பு, கேரி; நீலகிரிப் பழங்குடியினரான கோத்தர்களின் மொழியில் காதுக்குக் ‘கெவ்’; பலூச்சிஸ்தானத்துத் திராவிட மொழியான பிராகுயியில், அடித்தொண்டை ஒலியோடு, ‘கஃப்’. இகர எகரங்களுக்கு முன் நின்ற பழைய ககரம் தமிழில் சகரமாக மாறியிருக்கிறது. பின்னால் ட, ள, ழ போல நாவை மடித்துச் சொல்லும் எழுத்து வந்த இடங்களில் மட்டும் மாறவில்லை. அதனால்தான் கெடு, கேள், கீழ் எல்லாம் நம்மிடம் ககரமாகவே நிற்கின்றன. தமிழ்ச் சொல் உள்ள ஒவ்வொரு பதிவிலும் அதுவே முதலில் வருவதைக் காட்டி, ‘பார், தாய் முன்னால் நிற்கிறாள்’ என்று நீ மார்தட்டுவாயே, அது அடுக்கும் முறை மட்டுமே. தமிழ் மறந்துபோன ஒலியைக் கோத்தர் மொழி நினைவில் வைத்திருக்கிறது. அந்தத் தங்கை மொழிகளைக் கேட்காமல் நம் சொல்லின் வயதைக்கூட நம்மால் சொல்ல முடியாது.

எமனோவைப் பற்றி நினைக்க நினைக்க எனக்கு வியப்பு அடங்கவில்லை. கனடாவின் கடலோர ஊரான லூனன்பர்கில் 1904-இல் பிறந்தவர், 1935-இல் இந்தியாவுக்கு வந்து, இதே நீலகிரியில் தோடர்களோடும் கோத்தர்களோடும் உட்கார்ந்து ஒலி ஒலியாகக் குறித்துக்கொண்டார். கோத்தர் கதைகள் நாற்பதுகளில் நூலாகின. தோடர் பாடல்கள் 1971-இல்தான் வெளிவந்தன. அவற்றில் ஒவ்வொரு தொடருக்கும் ஒரு இணைத் தொடர் உண்டு, எருமையின் பெயரும் தோடர் குடியிருப்பான மந்தின் பெயரும்கூட இரட்டையாகவே வரும். தோடர் மொழியின் இலக்கணம் வந்ததோ 1984-இல், அவருடைய எண்பதாம் வயதில். இளமையில் எழுதிய குறிப்பேடுகளை ஐம்பது ஆண்டுகள் கைவிடாமல் காத்த பொறுமையை என்னவென்று சொல்வது! பரோவும் அவரோடு சேர்ந்து ஆய்ந்த பட்டாச்சார்யாவும் மத்திய இந்தியக் காடுகளில் பர்ஜி, பெங்கோ என்ற திராவிட மொழிகளைச் சேகரித்திராவிட்டால், 5,500-க்கும் மேற்பட்ட பதிவுகளில் எத்தனை வரிகள் வெறுமையாக இருந்திருக்கும் என்று எண்ணிப் பார்.

ஆனால் இந்த மகிழ்ச்சியோடு நிறுத்திக்கொள்ள முடியவில்லை. சென்ற வாரம் பேருந்து நிலையத்தில், பூத்துக்குளிச் சால்வை போர்த்திய ஒரு தோடர் மூதாட்டியின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். அவர் பேத்தியிடம் தம் மொழியில் நீளமாக ஏதோ கேட்டார். ஏழெட்டு வயதுப் பெண், பள்ளிச் சீருடை. எல்லாம் புரிந்துகொண்டு, ‘சரி பாட்டி, அப்புறம் சாப்பிடுறேன்’ என்று தமிழில் பதில் சொன்னாள். பாட்டி மறுபடியும் தோடாவில் பேச, பேத்தி மறுபடியும் தமிழில். கேட்டுக்கொண்டிருந்த எனக்கு நெஞ்சு அடைத்துப்போயிற்று. நம் பிள்ளைகள் ஆங்கிலத்தில் பதில் சொல்கிறார்கள் என்று நாம் எத்தனை மாலைகள் புலம்பியிருக்கிறோம்! இந்த மலையில் அந்த வேலையைத் தமிழ் செய்கிறது, சிவராமா. இரண்டாயிரம் பேர் அளவிலான ஒரு சமூகத்தின் மொழிக்கு எதிரே, கடை, பள்ளி, மருத்துவமனை, தொலைக்காட்சி எல்லாவற்றோடும் நிற்கும் பெரிய மொழி நம்முடையது. அகராதி சொல்லைக் காத்துத் தரும். அந்தச் சிறுமி ஒருநாள் தன் பேத்தியிடம் எந்த மொழியில் பேசுவாள் என்பதை அகராதியால் தீர்மானிக்க முடியாது. தொடக்கப் பள்ளியின் முதல் இரண்டு வகுப்புகளிலாவது தோடா பேசும் ஒருவரை உட்காரவைத்துக் கதை சொல்லச் செய்ய வேண்டும் என்று இங்குள்ள தலைமையாசிரியர் ஒருவரிடம் பேசியிருக்கிறேன். மறுக்கவில்லை, எழுதித் தரச் சொன்னார். மனுவை நீ எழுதிக் கொடு. உன் கை இந்த விஷயத்தில் என்னுடையதைவிட நல்ல கை.

இன்னொன்று. போன பொங்கலுக்கு உன் மருமகள் குழந்தையின் காதைத் தொட்டுக் ‘கிவி’ என்று சொல்லிக்கொடுத்தபோது, ‘அது பழமம்மா, காது என்று சொல்லு’ என்று நீ திருத்தினாய். எல்லோரும் சிரித்தோம், நானும்தான். அவள் அதன்பின் உன் எதிரில் குழந்தையோடு கன்னடம் பேசவில்லை. அன்றே கவனித்தேன், உன்னிடம் சொல்லவில்லை. அவள் சொன்னது நம் செவியைவிடப் பழைய ஒலி. அவளைப் பேசச் சொல்.

புத்தகத்தைச் சித்திரையில் நேரில் கொண்டுவருகிறேன். தங்கச்சிக்கு என் அன்பைச் சொல்.

உன்,
ரெங்கநாதன்