கூரை எரிந்த அரண்மனை

எடின்பரோ,
செப்டம்பர் 14

அன்பு நண்பன் இராமலிங்கத்துக்கு,

உன் கடிதம் சென்ற வாரம் கைக்கு வந்தது. முழங்கால் அறுவைக்குப் பிறகு கைத்தடி இல்லாமலேயே மாடிப்படி ஏறத் தொடங்கிவிட்டாய் என்பதைப் படித்ததும் எனக்கும் கமலத்துக்கும் மனம் நிறைந்தது. மகள் வீட்டில் நாங்கள் நலமாக இருக்கிறோம். இங்கே மழையும் வெயிலும் ஒரே நாளில் நான்கு முறை மாறி மாறி வருகின்றன. அதற்கு மட்டும் இன்னும் பழகவில்லை.

கடிதத்தின் கடைசியில் ஒரு கேள்வி கேட்டிருந்தாய். தொலைக்காட்சித் தொடர் எடுத்த இடம் என்பதற்காக ஒரு கோட்டையைப் பார்க்கப் போவது அந்தக் கோட்டைக்குச் செய்யும் மரியாதையா, அவமரியாதையா என்பது உன் கேள்வி. நாற்பது ஆண்டுகள் பொதுப்பணித் துறையில் சுவரையும் மதகையும் பார்த்தே காலம் கழித்த நமக்கு இப்படி ஓர் ஐயம் வருவது இயல்புதான். புறப்படும் முன்பு எனக்கும் அது இருந்தது. பயணம் முடிந்து மூன்று நாட்கள் யோசித்த பிறகே இதை எழுதுகிறேன்.

தொடரின் பெயர் அவுட்லேண்டர். உன் தங்கை கமலம் மகளோடு உட்கார்ந்து அதை முழுவதும் பார்த்துவிட்டாள். 1945இல் வாழும் ஒரு போர்க்காலச் செவிலி, நட்டுவைத்த கற்களின் நடுவே காலம் தவறி 1743ஆம் ஆண்டின் ஸ்காட்லாந்துக்குள் போய்விடுகிறாள் என்பதிலிருந்து கதை தொடங்குகிறது. அரியணையை இழந்த ஸ்டூவர்ட் வம்சத்தை மீட்க ஜேக்கபைட்டுகள் ஆயுதம் ஏந்தியதும், 1746 ஏப்ரல் 16 அன்று கலோடன் களத்தில் அவர்கள் நசுக்கப்பட்டதும் கதைக்குப் பின்னணி. 2014இல் ஒளிபரப்பத் தொடங்கியதிலிருந்து, அதில் காட்டிய கோட்டைகளை ஒரே நாளில் சுற்றிக் காட்டும் சிறிய பேருந்துகள் எடின்பரோவிலிருந்து புறப்பட்டுக்கொண்டே இருக்கின்றன. நாங்கள் போன வண்டியில் பதினாறு பேர் இருந்தோம். வண்டியை ஓட்டிய பெண்மணியே வழிகாட்டியும் ஆவார். ஓட்டும்போது ஒலிவாங்கியில் வரலாறு சொன்னார். இறங்கிய இடத்தில் தொடரின் காட்சிப் படத்தைக் கையில் பிடித்து, கேமரா நின்ற இடத்தைக் காட்டினார்.

முதலில் போனது மிட்ஹோப். கதாநாயகனின் பூர்வீக வீடாகத் தொடரில் வருவது இதுதான். 16ஆம் நூற்றாண்டில் எழுந்த கோபுர வீடு. இன்று ஹோப்டவுன் என்னும் தனியார் பண்ணை நிலத்துக்குள் நிற்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் யாரோ இப்போதுதான் கதவைச் சாத்திவிட்டுப் போனது போல் இருக்கும். உள்ளே பாழடைந்து கிடப்பதால் எவரையும் விடுவதில்லை. தொடரில் பார்க்கும் கூடமும் அறைகளும் கம்பர்னால்ட் என்னும் ஊரில், படப்பிடிப்புத் தளமாக மாற்றிய ஒரு பழைய தொழிற்சாலைக்குள் போட்டவை. எங்களோடு வந்த ஓர் இளம்பெண் வாசற்படியில் உட்கார்ந்து கண்ணீர் விட்டாள். தாத்தா இறந்த ஆண்டில் மருத்துவமனையில் அவர் பக்கத்தில் இருந்துகொண்டே தொடரைப் பார்த்தாளாம். சுவருக்குப் பின்னால் ஒன்றும் இல்லை என்று சொல்ல என் நாக்கு துடித்தது, சொல்லவில்லை. சொல்லாமல் இருந்ததே சரி என்று இப்போது நினைக்கிறேன்.

அங்கிருந்து சிறிது தொலைவில் ஃபோர்த் கழிமுகத்தின் கரையில் பிளாக்னஸ் கோட்டை. 1440களில் சர் ஜார்ஜ் கிரைட்டன் கட்டத் தொடங்கினார்; 1453இல் அது அரசர் கைக்குப் போனது. நீருக்குள் நீளும் பாறையின் மேல், அந்தப் பாறையின் வடிவத்துக்கே சுவரை இழைத்திருப்பதால், மேலிருந்து பார்த்தால் கரையில் கட்டிய கப்பல் போலத் தெரியும். நீரை நோக்கிய கூரிய முனையில் உள்ள கோபுரத்துக்கு முன்னணியம் என்றும், நடுவில் உள்ளதற்குப் பாய்மரம் என்றும், நிலப்பக்கத்துக்குப் பின்னணியம் என்றும் பெயர். புறப்படாத கப்பல் என்று ஊரார் சொல்கிறார்கள். 1530களிலும் அதை அடுத்த ஆண்டுகளிலும், பீரங்கிகளைத் தாங்க வேண்டும் என்று நிலப்பக்கச் சுவரை உள்ளிருந்து தடிப்பாக்கினார்கள். சில இடங்களில் தடிமன் 5.5 மீட்டர். பீரங்கித் துளைக்குள் நான் முழு நீளத்துக்குப் படுத்தாலும் என் தலை வெளியே தெரியாது. நாம் கண்ட எந்த அணையின் சுவரை நினைத்துக்கொண்டு அதன் முன் நின்றேன் என்பதை நீயே ஊகித்துக்கொள்.

தொடரில் இந்தக் கோட்டை, ஸ்காட்லாந்தின் மேட்டுநிலத்தில் இருந்த ஃபோர்ட் வில்லியமாக நடிக்கிறது. ஆங்கிலேய அதிகாரி ஒருவன் கதாநாயகனைக் கசையால் அடிக்கும் முற்றம் இது. உண்மையான ஃபோர்ட் வில்லியம் கோட்டையில் பெரும்பகுதியை 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் ரயில் பாதைக்காக இடித்துவிட்டதால், படம் எடுக்க நினைத்தாலும் அங்கே போயிருக்க முடியாது. ஆனால் பிளாக்னஸுக்கு இந்த வேடம் பொருந்தாதது அல்ல. அது நூற்றாண்டுக் கணக்கில் உண்மையிலேயே சிறையாக இருந்தது. 1543இல் திருச்சபைத் தலைவரான கார்டினல் பீட்டனை இங்கே அடைத்தார்கள். மேட்டுக்குடியினருக்குப் பாய்மரக் கோபுரத்தில் கணப்பு வைத்த அறைகள். மற்றவர்களுக்கு முன்னணியத்தின் அடியில், ஓதம் ஏறும்போதெல்லாம் உப்புநீர் புகும் குழி. முற்றத்தில் தளம் பாவவில்லை. கரடுமுரடான பாறையே தரை, மழையில் வழுக்குகிறது. கமலத்தின் கையைப் பிடித்து நடத்திக் கூட்டிப் போனேன். கசையடிக் காட்சி நடந்த இடத்தை எல்லாரும் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது, நான் அந்தக் குழியின் வாயில் நின்று, எதிரே 1890இல் முடித்த ஃபோர்த் ரயில் பாலத்தின் சிவப்பு எஃகையும் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்தப் பாலத்துக்கு ஒரு தனிக் கடிதம் வேண்டும். இப்போது அதைத் தொட மாட்டேன்.

என்னை இந்தக் கடிதம் எழுத வைத்தது லின்லித்கோ அரண்மனைதான்.

1424இல் பழைய கட்டடமும் ஊரும் தீக்கிரையான பிறகு முதலாம் ஜேம்ஸ் மன்னர் இதைப் புதிதாக எழுப்பத் தொடங்கினார். அவருக்குப் பின் வந்தவர்கள் ஒவ்வொரு பக்கமாகச் சேர்த்து, நடுவில் சதுர முற்றமும், நான்கு மூலைகளில் சுழற்படிகளும் கொண்ட பெரிய மாளிகையாக ஆக்கினார்கள். ஐந்தாம் ஜேம்ஸ் 1512இல் இங்கே பிறந்தார். அவருடைய மகள் மேரி 1542 டிசம்பர் 8இல் இங்கே பிறந்து, ஆறே நாளில் தந்தையை இழந்து அரசியானார். முற்றத்தின் நடுவே 1538இல் எழுப்பிய மூன்றடுக்கு நீரூற்று இன்னும் நிற்கிறது. 1607இல் சரிந்த வடக்குப் பக்கத்தைப் பின்னர் மறுபடி கட்டினார்கள். 1603இல் அரசவை லண்டனுக்குப் போன பிறகு பழைய களை குறைந்ததே தவிர, வீடு வீடாகவே இருந்தது.

தொடரில் இது வென்ட்வொர்த் என்னும் சிறைச்சாலை. கதாநாயகனை வதைக்கும் இருண்ட நடைகள் இங்கே எடுத்தவை. வழிகாட்டி அந்த நடையைக் காட்டிவிட்டு எங்களைப் பெருங்கூடத்துக்கு அழைத்துப் போனார். ஒரு முனையில் மூன்று வாய் கொண்ட கணப்பு. நாலு பக்கமும் மாடி உயரத்துக்குச் சுவர். தலைக்கு மேல் வானம். புறா ஒன்று ஒரு சன்னலில் நுழைந்து மறு சன்னலில் வெளியேறியது. கூரையின் கைமரங்களை ஏந்தி நின்ற கல் தாங்கிகள் எதையும் தாங்காமல் வரிசையாக நீட்டிக்கொண்டிருந்தன.

"இந்தக் கதை 1743இல் நடக்கிறது, அல்லவா? அந்த ஆண்டில் இங்கே கூரை இருந்தது" என்று வழிகாட்டி சொன்னார்.

அதைச் சொல்லும்போது அவர் குரலை உயர்த்தவில்லை. 1745 செப்டம்பரில் ஜேக்கபைட்டுகளின் இளவரசர் சார்லஸ் இந்த ஊர் வழியாக வந்தபோது அந்த நீரூற்றில் மது ஓடியது என்று ஒரு வழக்கு உண்டு. அதற்கு நாலரை மாதம் கழித்து, 1746 ஜனவரி 31 அன்று, கம்பர்லேண்ட் கோமகனின் அரசுப் படை வடக்கே போகும் வழியில் இங்கே இரவு தங்கியது. பிப்ரவரி முதல் நாள் படை கிளம்பியபோது அரண்மனை பற்றி எரிந்தது. அன்று போன கூரை 280 ஆண்டுகளாகத் திரும்பவில்லை. அதே படைதான் பத்து வாரம் கழித்துக் கலோடனில் நின்றது. ஆங்கிலேயச் சிறை என்று தொடர் காட்டும் இந்தப் பாழ்மனை, அந்தக் கதையின் முடிவில் வரும் படையாலேயே பாழானது. கதை நடக்கும் ஆண்டில் இல்லாத ஒரு பாழைத்தான் நாம் கதைக்குள் பார்க்கிறோம். இராமலிங்கம், எத்தனையோ பழைய கட்டடங்களின் அறிக்கையில் 'கூரை இல்லை' என்று ஒரே வரியில் எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கிறோம். அந்த வரிக்கு ஒரு தேதி இருக்கிறது என்பதை அந்தக் கூடத்தில் நின்றபோதுதான் உணர்ந்தேன். இங்கே எங்களுக்குக் கொடுத்த நேரம் நாற்பத்தைந்து நிமிடம். அது போதவே போதாது. அரை நாள் கொடுத்திருக்க வேண்டும் என்று நான் வழிகாட்டியிடமே சொன்னேன்; தனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது என்றார்.

மாலையில் டூன் போய்ச் சேர்ந்தோம். டீத் ஆற்றின் கரையில், மரங்களுக்கு மேலே வாயிற்கோபுரம் மட்டுமே ஏறக்குறைய 30 மீட்டர் உயரம் நிற்கிறது. 14ஆம் நூற்றாண்டின் இறுதியில் இதைக் கட்டியவர் ராபர்ட் ஸ்டூவர்ட். முடி சூடாமலே நாட்டை ஆண்ட ஆல்பனி கோமகன். அவர் 1420இல் இறந்தார். மகன் முர்டாக்கை 1425இல் மன்னர் கொல்லச் செய்து, கோட்டையைத் தாமே எடுத்துக்கொண்டார். தொடரில் இது கதாநாயகனின் தாய்மாமன்மார் ஆளும் கோட்டை. முற்றமும் வெளிச் சுவரும் இங்கே எடுத்தவை. உட்புறக் கூடங்கள் முன்பு சொன்ன அதே தொழிற்சாலையில் போட்டவை. ஆனால் இங்கே உண்மையான உட்புறமே பார்க்கத் தக்கது. சமையற்கூடத்தில் அடுப்பின் வாய் மட்டும் 5.5 மீட்டர் அகலம். முழு மாட்டை வைத்துச் சுடலாம். அங்கிருந்து கூடத்துக்கு உணவு தள்ளும் திட்டிகளின் ஓரம், கை பட்டுப் பட்டுத் தேய்ந்திருக்கிறது. நான் அந்தத் தேய்மானத்தில் கை வைத்துப் பார்த்தேன்.

இங்கே கூடங்களுக்குக் கூரை இருக்கிறது. பழைய கூரை அல்ல. 1880களில் மோரே பிரபு செலவு செய்து மரத்தால் திரும்பப் போட்டது. லின்லித்கோவிலிருந்து நேராக வந்தவனுக்கு அந்தக் கூரைக்கு அடியில் நிற்பதே ஒரு நிம்மதி. மழைச் சத்தம் மேலே கேட்டது. கீழே ஒரு சொட்டும் விழவில்லை.

இதே கோட்டையில்தான், 1746 ஜனவரி 17இல் ஃபால்கர்க்கில் ஜேக்கபைட்டுகள் வென்றபோது, பிடிபட்ட அரசுத் தரப்பினரைக் கொண்டு வந்து மேல் மாடியில் அடைத்தார்கள். நாடகாசிரியர் ஜான் ஹோம் முதலானோர் படுக்கை விரிப்புகளை முறுக்கிக் கயிறாக்கி அந்த உயரத்திலிருந்து இறங்கித் தப்பினார்கள். அப்போது அடைபட்டவர்களில் ஜான் விதர்ஸ்பூனும் ஒருவர்; முப்பதாண்டுகள் கழித்து அமெரிக்கச் சுதந்திரப் பிரகடனத்தில் கையெழுத்திட்டவர். இங்கே அவர்கள் கயிறு முறுக்கியதற்கும் அங்கே லின்லித்கோ எரிந்ததற்கும் இடையில் உள்ள இடைவெளி இரண்டு வாரத்துக்கும் குறைவு. ஒரே நாளில் எங்கள் பேருந்து கடந்த தூரத்துக்குள் அத்தனையும் நடந்திருக்கிறது. தொடர் இந்த இடங்களைத் தேடிப் பிடித்து ஒரே கதையில் கோக்கவில்லை என்றால், நானும் இவற்றை ஒரே நாளில் பார்த்திருக்க மாட்டேன், இப்படி ஒன்றோடு ஒன்று பொருத்தியிருக்கவும் மாட்டேன்.

ஆகவே உன் கேள்விக்கு என் பதில் இது. வருகிறவர்கள் எந்தக் காரணத்துக்காகவும் வரட்டும். மிட்ஹோப் வாசலில் அழுத அந்தப் பெண், லின்லித்கோவில் 'கூரை இருந்தது' என்ற சொல்லைக் கேட்டதும் வழிகாட்டியின் அருகிலேயே நடந்து, மற்றவர்கள் வண்டிக்குத் திரும்பிய பிறகும் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தாள். அவளை அவ்வளவு தூரம் கொண்டு வந்தது கதைதான். ஆனால் கதையைக் காட்டுவதோடு நிறுத்திவிட்டு வண்டியைக் கிளப்புகிறவர்கள் மேல் எனக்கு வருத்தம் உண்டு. வழிகாட்டிக்கு வாயில்லை என்றால் அந்தக் கற்களுக்கும் வாயில்லை. இன்னொன்றும் உண்டு. 2021இல் உயரத்தில் உள்ள கற்கள் உதிரும் நிலையில் இருக்கின்றனவா என்று சோதிக்க, நாட்டின் பாரம்பரியச் சின்னங்களைக் காக்கும் அமைப்பு இங்கே பல கோட்டைகளை முழுதாகவோ பகுதியாகவோ மூடியது. டூனும் லின்லித்கோவும் அவற்றில் அடங்கும். மழை கூடியதால் சுண்ணாம்புச் சாந்து கரைந்து, கல்லின் பிடி தளர்கிறது. அதைப் பழுது பார்க்கும் செலவுக்கு நுழைவுச்சீட்டுப் பணமும் வேண்டும். நீயும் நானும் எத்தனை பழுதுபார்ப்பு மதிப்பீடுகளை நிதி இல்லை என்ற குறிப்போடு திருப்பிப் பெற்றோம் என்பதை மறக்கவில்லை.

புறப்படும் முன் டூன் முற்றத்தில் தனியாகச் சிறிது நேரம் நின்றேன். தெற்கு மதிலில் பெரிய பெரிய சன்னல்கள் வரிசையாக இருக்கின்றன. அவற்றின் பின்னால் அறை எதுவும் இல்லை, வெறும் புல்தரை. அந்தப் பக்கமும் மாளிகை எழுப்ப எண்ணிச் சன்னலுக்கு வழி விட்டு மதிலைக் கட்டியிருக்கிறார்கள். மாளிகை மட்டும் எழவே இல்லை. ஒரு சன்னல் மற்றவற்றைவிட உயர்ந்து கூரிய வளைவோடு இருப்பதைப் பார்த்தால், அங்கே வழிபாட்டுக் கூடம் வரவேண்டியிருந்தது என்று தோன்றுகிறது. அந்தச் சன்னல்களை மூன்று கோணத்தில் படம் எடுத்து இத்துடன் வைத்திருக்கிறேன். வளைவுக் கற்களின் இணைப்பைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்து, இடைக்காலத்தில் கல் மாற்றியிருக்கிறார்களா என்று உன் கருத்தை எழுது. அந்தக் கண் உனக்குத்தான் உண்டு.

அக்டோபர் கடைசியில் திரும்புகிறோம். வீட்டில் அனைவருக்கும் எங்கள் அன்பைச் சொல்.

என்றும் உன்,
விசுவநாதன்