செயலாளர் ஆண்டறிக்கை 2025–26: தைப்பூசமும் பிப்ரவரி 1-உம்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, உறுப்பினர்களே, எல்லோருக்கும் வணக்கம்.

வழக்கமான விஷயங்களை முதலில் முடித்துவிடுகிறேன். செயற்குழு மாதந்தோறும் கூடியது. ஒரு முறை மட்டும் போதிய பேர் வராமல் கூட்டம் தள்ளிப்போனது. ஞாயிறு தமிழ் வகுப்புக்கு இன்னும் ஓர் ஆசிரியர் தேவை. தீபாவளியும் பொங்கலும் நல்லபடியாக நடந்தன. வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார்.

இனி, இந்த ஆண்டு நம்மிடையே அதிகம் பேசப்பட்ட விஷயத்துக்கு வருகிறேன். அடிமை முறை ஒழிந்த நாளான பிப்ரவரி 1 நம் மொரீஷியஸில் 2001 முதல் பொது விடுமுறை. 2026இல் தைப்பூசமும் அதே ஞாயிற்றுக்கிழமையில் வந்தது. செயற்குழுவில் பேச்சு கொஞ்சம் சூடாகவே போனது. "காவடி எடுக்கிற நாளில் வேறு வேலை எதற்கு? அது ஆப்பிரிக்க வழிவந்த கிரியோல் மக்களின் நாள், அவர்கள் பார்த்துக்கொள்வார்கள்" என்றார் மூத்த உறுப்பினர் ஒருவர். முதல் பாதி நியாயம்தான். விரதம் இருப்பவர்களைக் கோர் த கார் மலையடிவாரக் கோயிலுக்கும் தப்பியோடிய அடிமைகளின் நினைவிடமான லெ மோர்ன் மலைக்குமாக அலைய வைக்க முடியாது. அதனால் கொடியேற்றத்துக்கு முந்தைய ஞாயிறே லெ மோர்ன் போய்வருவது என்றும், அதற்கு முந்தைய வாரம் மன்றத்தில் ஓர் உரை வைப்பது என்றும் முடிவாயிற்று.

அவர் சொன்னதன் இரண்டாம் பாதிக்கு அந்த உரையே பதிலாக அமைந்தது. ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியரான நம் உறுப்பினர் பேசினார். இந்தத் தீவில் அடிமைகளாக இருந்தவர்களில் பெரும்பாலோர் மடகாஸ்கரிலிருந்தும் மொசாம்பிக் கரையிலிருந்தும் கொண்டுவரப்பட்டவர்கள். ஆனால் இந்தியாவிலிருந்தும் கப்பலேற்றப்பட்டார்கள். புதுச்சேரி வழியாக வந்த தமிழர்களும் அவர்களில் உண்டு. அதே காலத்தில் கொத்தனாராகவும் தச்சராகவும் கூலி பேசி வந்த சுதந்திரத் தமிழர்களும் இருந்தார்கள்; 1735இல் ஆளுநராக வந்த லபூர்தொனே போர்ட் லூயியைக் கட்டியெழுப்பியபோது அவர்கள் கையும் அதில் இருந்தது. அந்தச் சுதந்திரத் தமிழர்களில் சிலர் தாங்களே அடிமைகளை வைத்திருந்தார்கள் என்று அவர் சொன்னதும் கூடம் அமைதியாகிவிட்டது. நம் பாட்டன்மார் பட்ட பாட்டைச் சொல்லிக் கேட்டே பழகிய நமக்கு இது கசக்கத்தான் செய்யும். கேட்க வேண்டிய கசப்பு என்பது என் கருத்து.

1723ஆம் ஆண்டு அடிமைச் சட்டத்தையும் அவர் விளக்கினார். ஓடிப்போய் ஒரு மாதம் கழித்துப் பிடிபட்டால் காதுகளை அறுத்துத் தோளில் சூடு போடுவார்கள். இரண்டாம் முறை பின்னங்கால் நரம்பை வெட்டுவார்கள். மூன்றாம் முறை மரணம். இப்படி எழுதி வைத்திருந்தும் ஓடினார்கள் என்பதுதான் விஷயம்.

1835இல் விடுதலை அறிவிக்கப்பட்டபோது ஏறக்குறைய 66,000 பேர் அடிமைகளாக இருந்தார்கள். இந்தத் தீவுக்கென 20 லட்சம் பவுனுக்கு மேல் இழப்பீடு வந்தது, முழுவதும் எஜமானர்களுக்கு. விடுதலையானவர்களுக்கு ஒரு காசும் இல்லை. போதாததற்கு, 'பயிற்சிக்காலம்' என்ற பெயரில் 1839 வரை பழைய முதலாளிகளிடமே வேலை செய்ய வேண்டியிருந்தது. அடிமைகளின் இடத்தை நிரப்ப இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிய 'அட்லஸ்' கப்பல் 1834 நவம்பர் 2ஆம் தேதியே, அதாவது விடுதலைக்கு மூன்று மாதம் முன்பே, கரை சேர்ந்துவிட்டது. நாம் ஆண்டுதோறும் அனுசரிக்கும் நவம்பர் 2உம் இந்த பிப்ரவரி 1உம் ஒரே கணக்குப் புத்தகத்தின் அடுத்தடுத்த பக்கங்கள்.

லெ மோர்ன் பயணத்துக்கு எதிர்பார்த்ததைவிடக் கூட்டம் சேர்ந்தது. சிலர் சொந்தக் காரில் பின்னாலேயே வந்தார்கள். 556 மீட்டர் உயரமுள்ள அந்தப் பாறைமலை 2008 முதல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம். தோட்டங்களிலிருந்து தப்பிய அடிமைகளான மரூன்கள் அதன் குகைகளிலும் உச்சியிலும் ஒளிந்து வாழ்ந்தார்கள். விடுதலைச் செய்தி சொல்ல வந்த காவலர்களை, தங்களைப் பிடிக்க வந்தவர்கள் என்று நினைத்து, அகப்படுவதைவிடச் சாவதே மேல் என்று குதித்தார்கள் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் கதை. "ஆதாரம் இருக்கிறதா?" என்று வகுப்புப் பிள்ளை ஒருத்தி கேட்டாள். ஒளிந்து வாழ்ந்ததற்கு இருக்கிறது, குதித்ததை மக்கள்தான் நினைவில் வைத்திருக்கிறார்கள் என்றார் ஆசிரியர். நல்ல கேள்வி, நேர்மையான பதில். அடிவார நினைவுச்சின்னத்தைச் சுற்றியுள்ள சிற்பங்களில் இந்தியாவுக்கும் ஒன்று உண்டு. மூத்த உறுப்பினர் அதன் முன்னால் வெகுநேரம் நின்றார். ஒன்றும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

அங்கே வந்திருந்த செகா என்ற கிரியோல் இசைக் கலைஞர்கள் ரவான் என்ற தோல் மேளத்தை வாசித்தார்கள். ஆட்டுத்தோல் ஈரக்காற்றில் தொய்ந்திருந்ததால், காய்ந்த சருகைக் கொளுத்தி, தோலை நெருப்புக்கு நேரே காட்டி, வட்டமாகத் திருப்பித் திருப்பிச் சூடேற்றினார்கள். இடையிடையே விரலால் தட்டிப் பார்த்தார்கள். மந்தமாக இருந்த ஓசை மெல்ல மெல்லக் கணீரென்று ஏறியது. நம் மேளக்காரப் பையன்கள் விடுவார்களா? தப்பு மேளம் காய்ச்சுவதும் இப்படித்தானே என்று அவர்களே ஒரு ரவானை வாங்கி நெருப்பில் காட்ட ஆரம்பித்துவிட்டார்கள். அப்புறம் பேருந்தைக் கிளப்ப ஒரு மணி நேரம் தாமதம். ஓட்டுநர் முகம் சுளித்தது வேறு கதை. புளிச்சோறு போதவில்லை என்ற புகாரையும் குறித்துக்கொண்டேன்.

சரி, அடுத்த ஆண்டு விஷயம். 2027இல் தைப்பூசம் ஜனவரி 22; பிப்ரவரி 1 திங்கட்கிழமை. மோதல் இல்லை. ஆகவே அன்றைக்கே லெ மோர்ன் போவது, பேருந்துக்கு அக்டோபரிலேயே முன்பணம் கட்டுவது, இளைஞர் அணிக்கு ஒரு ரவான் வாங்குவது ஆகிய மூன்றையும் ஒரே தீர்மானமாக இந்தப் பொதுக்குழுவின் முன் வைக்கிறேன். முன்மொழிபவரும் வழிமொழிபவரும் தேநீர் இடைவேளைக்கு முன் என்னிடம் பெயர் தரவும்.

இப்படிக்கு,
செயலாளர்