படம் பார்க்கக் கற்றவர்கள்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று படித்த பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது. சொட்டு மருந்தை வேளை தவறாமல் போட்டுக்கொள். டாக்டர் சரி என்று சொல்கிறவரை தூரிகைப் பக்கம் போகாதே. இங்கே எல்லோரும் சுகம். மகள் இன்னும் மிலானில்தான் வேலை பார்க்கிறாள். போன சித்திரையில் நாங்கள் இருவரும் அங்கே போய் அவளோடு தங்கிவிட்டு வந்தோம். ஃப்ளாரன்ஸுக்கும் கூட்டிப் போனாள். அதைப் பற்றி எழுத வேண்டும் என்று இருந்த நேரத்தில்தான் உன் கடிதம் வந்தது.

கடைசிப் பக்கத்தில் போகிற போக்கில் ஒன்று எழுதியிருந்தாய். எழுத்தாளர்களுக்கு ஓவியம் என்பது கூடத்துச் சுவரில் மாட்டுகிற படம் மாதிரி, கதைக்குக் கொஞ்சம் அழகு சேர்க்கும், அவ்வளவுதான் என்று. இதை என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. பல எழுத்தாளர்கள் அப்படித்தான், மறுக்கவில்லை. ஆனால் போன நூற்றாண்டு இத்தாலியில் நடந்தது வேறு. அங்கே சில பேர் மனிதர்களைப் பார்க்கவே ஓவியத்திடமிருந்து கற்றுக்கொண்டார்கள்.

உனக்குப் பிடித்த எழுத்தாளர் கால்வினோவை முதலில் சொல்லிவிடுகிறேன். 15ஆம் நூற்றாண்டில் மிலான் பிரபுக்களுக்காகத் தீட்டப்பட்ட டாரட் என்ற படச் சீட்டுகளை வரிசையாக அடுக்கி, பேச்சிழந்த பயணிகள் அவற்றைக் காட்டியே தங்கள் கதைகளைச் சொல்வதாக ஒரு நூல் எழுதினார். கெட்டிக்காரத்தனமான வேலை. ஆனால் அதில் படம் கதையை ஓட்டும் யந்திரமாகத்தான் இருக்கிறது. படத்திலிருக்கும் ஆளுக்காக நான் ஒரு நிமிஷம்கூட வருந்தவில்லை. நான் சொல்ல வந்தவர்கள் வேறு.

ரொபேர்த்தோ லோங்கி என்ற கலை வரலாற்றாசிரியரிடமிருந்து தொடங்க வேண்டும். பழைய ஓவியர் கரவாஜியோவின் பெருமையை நம் காலத்துக்கு மீட்டுக் கொடுத்தவர்களில் முதன்மையானவர். 1951இல் மிலானில் அவர் நடத்திய கரவாஜியோ கண்காட்சி பேர்போனது. ஓவியத்தைப் பற்றி எழுதுகிறவன் அதற்கு ஈடான ஒன்றைச் சொல்லில் உண்டாக்க வேண்டும் என்பது அவர் கொள்கை. அதனால்தான் இத்தாலியர்கள் அவரைப் பெரிய உரைநடைக்காரராகவும் கொண்டாடுகிறார்கள்.

1941-42 குளிர்காலம். வெளியே போர். பொலோன்யா பல்கலைக்கழகத்தில் 15ஆம் நூற்றாண்டு ஓவியர்கள் மசோலினோ, மசாச்சியோ இருவரைப் பற்றியும் லோங்கி வகுப்பு எடுக்கிறார். ஸ்லைடுகள் ஒன்றன்பின் ஒன்றாகத் திரையில் விழுகின்றன. ஒரே காலத்தில், ஒரே இடத்தில் வேலை செய்த இருவர், ஆனால் இரண்டு வேறு உலகங்கள். கேட்டுக்கொண்டிருந்தவர்களில் ஒருவர், பின்னாளில் கவிஞராகவும் சினிமா இயக்குநராகவும் பேர்வாங்கிய பசோலினி. அப்போது வயது 19. தனக்கு உருவங்களைப் பற்றிய மின்னல் வெட்டு லோங்கியிடமிருந்துதான் வந்தது என்று பின்னாளில் எழுதி, தன் ‘மாம்மா ரோமா’ படத்தை அவருக்கே காணிக்கையாக்கினார்.

அந்த இரண்டு உலகங்களையும் நான் ஃப்ளாரன்ஸில் கார்மினே தேவாலயத்தின் பிரான்காச்சி சிற்றாலயத்தில் பார்த்தேன். உள்ளே நுழைந்ததும் வலது தூணில் மசோலினோவின் ஆதாமும் ஏவாளும். அமைதியாக, வழவழப்பான உடம்போடு, அழகாக நிற்கிறார்கள். பாவம் செய்யப்போகிற பதற்றம் துளியும் இல்லை. நேர் எதிரே இடது தூணில் மசாச்சியோ: தோட்டத்திலிருந்து துரத்தப்பட்டு நடக்கிறார்கள். ஆதாம் இரண்டு கைகளாலும் முகத்தைப் பொத்திக்கொண்டிருக்கிறான். வயிறு எக்கி உள்ளே போயிருக்கிறது. ஏவாளின் வாய் கோணித் திறந்திருக்கிறது. கண்கள் வெறும் கறுப்புத் தீற்றல். கிட்டப் போய்ப் பார்த்தால் முகமே இல்லை, நாலைந்து இழுப்புகள்தான். இரண்டடி பின்னால் வந்தால் ஓலம் காதில் விழுகிறது. காலடியில் நிழல் தரையில் படிந்திருக்கிறது, நிஜ ஆட்களுக்கு விழுவது மாதிரி. இதை வரைந்தவன் 27 வயதைத் தாண்டவில்லை. நீ பக்கத்தில் இருந்திருந்தால் அந்த இழுப்புகளைப் பற்றியே சாயங்காலம்வரை பேசியிருப்பாய்.

இந்த ஏவாளைப் பார்த்துவிட்டு பசோலினியின் ரோமாபுரிச் சேரிப் பையன்களிடம் போ. 1955இல் வந்த அவர் நாவல் முழுக்க அவர்கள்தான். 1961இல் எடுத்த ‘அக்கத்தோனே’ படத்தில் காமிரா அந்த முகங்களுக்கு நேர் எதிரே போய் நிற்கிறது. திருடனும் தரகனும் தேவாலயச் சுவரில் நிற்கும் அப்போஸ்தலர்கள்போல நம்மை நேராகப் பார்க்கிறார்கள். அழகூட்டுவதற்காக அவர் அப்படிச் செய்யவில்லை. அந்தக் கண்ணியம் அவர்களுக்கு உரியது என்று நம்பினார்.

எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்தது ஒரு கவிதை. 1961இல் வந்த பசோலினியின் தொகுப்பில் இருக்கிறது. அரெஸ்ஸோ நகரில், 15ஆம் நூற்றாண்டு ஓவியர் பியரோ டெல்லா ஃபிரான்செஸ்காவின் சுவரோவியங்கள் இருக்கும் இடத்துக்கு ஒரு தொழிலாளி வருகிறான். சின்னத் தலை, மழித்த தாடை. சில அடி எடுத்து வைக்கிறான். மோவாயைத் தூக்கி மேலே பார்க்கிறான், ஆனால் யாரோ தலையை அமுக்குவதுபோல ஒரு கூச்சம். அந்த வெளிச்சத்தில் நிற்கத் தனக்கு அனுமதி உண்டா என்ற பயம். கவிதை ஓவியத்தை வர்ணிப்பதற்கு முன்னால் இந்த ஆளைத்தான் பார்க்கிறது. பியரோவிடம் கற்ற கண்ணால் அவனைப் பார்க்கிறது. இதைப் போய் கூடத்துச் சுவர்ப் படம் என்று எப்படிச் சொல்வாய்?

அப்புறம் நாவலாசிரியை அன்னா பான்டி. உண்மைப் பெயர் லூசியா லோப்ரெஸ்தி. பள்ளிக்கூடத்தில் லோங்கியிடம் படித்து, பின்னால் அவரையே மணந்தவர். தானும் கலை வரலாறு படித்தவர்தான். லோங்கி 1916இலேயே 17ஆம் நூற்றாண்டு ஓவியர்களான ஜென்டிலெஸ்கி அப்பாவையும் மகளையும் பற்றி ஒரு கட்டுரை எழுதியிருந்தார். மகள் ஆர்ட்டெமிசியாவைப் பற்றி அதில், இத்தாலியில் ஓவியம் என்றால் என்ன, வண்ணம் என்றால் என்ன என்று அறிந்த ஒரே பெண் என்கிறார். பாராட்டுதான், ஆனால் மற்றப் பெண்களை எல்லாம் ஒரே வரியில் தள்ளிவிடுகிற பாராட்டு. பான்டி அதே ஆர்ட்டெமிசியாவை எடுத்துக்கொண்டு நாவல் எழுத உட்கார்ந்தார்.

ஃப்ளாரன்ஸின் உஃபிஸி கலைக்கூடத்தில் அவளுடைய யூதித் படத்தின் முன்னால் நின்றேன். எதிரிப் படைத்தலைவனின் தலையை யூதித் அறுக்கிற பைபிள் கதை. யூதித்தும் வேலைக்காரியும் கையை மடித்துவிட்டுக்கொண்டு வேலையில் இறங்கியிருக்கிறார்கள். வேலைக்காரி மேலேயிருந்து அவனை அமுக்குகிறாள். யூதித் தலைமுடியை ஒரு கையால் பிடித்து, மறு கையால் வாளை இழுக்கிறாள். முகத்தில் வெறி இல்லை, முடிக்க வேண்டிய காரியத்தை முடிக்கிற கவனம். ரத்தம் பீய்ச்சி அடித்து வெள்ளை விரிப்பில் கோடு கோடாக வழிகிறது. ஆர்ட்டெமிசியாவைக் கெடுத்தவன்மேல் 1612இல் ரோமில் வழக்கு நடந்தபோது, உண்மை சொல்கிறாளா என்று பார்க்க, வரைகிற அந்த விரல்களில் கயிறு சுற்றி முறுக்கினார்கள். இது நீதிமன்றப் பதிவில் இருக்கிறது. கையால் பிழைக்கிற உனக்கு இதை எழுதும்போதே எனக்கு வயிற்றைப் பிசைகிறது.

பான்டியின் கையெழுத்துப் பிரதி 1944 ஆகஸ்டில் அழிந்தது. பின்வாங்கிய ஜெர்மானியர்கள் ஃப்ளாரன்ஸ் பாலங்களைத் தகர்த்தார்கள். பொன்தே வெக்கியோ என்ற பழைய பாலத்தை மட்டும் விட்டுவிட்டு, அதன் இரு முனைகளிலும் இருந்த வீடுகளை வெடிவைத்து இடித்தார்கள். பிரதி அந்த இடிபாட்டுக்குள் போனது. 1947இல் வந்த நாவல் அங்கிருந்தே தொடங்குகிறது. போபொலி தோட்டத்தில் உட்கார்ந்து ஒருத்தி அழுகிறாள். அழாதே என்று ஒரு குரல். முன்னூறு வருஷத்துக்கு முந்தைய ஆர்ட்டெமிசியாவின் குரல். பிறகு புத்தகம் முழுக்க இருவரும் பேசிக்கொள்கிறார்கள், சண்டை போடுகிறார்கள், ஒருத்தி மற்றவளுக்குள் கலந்துபோகிறாள். தொலைந்த பிரதி வரலாற்று நாவலாக மட்டும் இருந்திருக்கலாம். இழந்தபின் எழுதியதுதான் பெரிய புத்தகம் என்பது என் எண்ணம்.

பசோலினிக்கும் இதே கதி. லோங்கியிடம் சமகால இத்தாலிய ஓவியம் பற்றி எழுதிக்கொண்டிருந்த ஆய்வேடு 1943 செப்டம்பரில் இத்தாலி சரணடைந்த குழப்பத்தில் தொலைந்தது. பிறகு வேறு தலைப்புக்கு மாறிவிட்டார்.

இன்னொன்றையும் கவனி. பான்டி போபொலி தோட்டத்தில் இருந்ததற்குச் சில வாரங்களுக்கு முன்புதான், அதே தோட்டத்தை ஒட்டிய பித்தி சதுக்கத்தில் ஒளிந்திருந்த கார்லோ லெவி ‘கிறிஸ்து எபோலியில் நின்றுவிட்டார்’ நூலை எழுதி முடித்தார். லெவி உன்னைப்போல ஓவியர், டாக்டருக்கும் படித்தவர். பாசிஸ்டுகள் அவரைத் தெற்கு இத்தாலியில் அலியானோ என்ற கிராமத்துக்குத் தண்டனையாக அனுப்பியபோது அங்கிருந்த விவசாயிகளை முதலில் வரைந்தார், எட்டு ஒன்பது வருஷம் கழித்துத்தான் எழுதினார். முகங்கள் அவர் கைக்கு ஏற்கெனவே பழகியிருந்தன. 1961இல் அதே மக்களைப் பெரிய படமாகத் தீட்டியது இப்போது தெற்கே மத்தேரா ஊரில் இருக்கிறது. எங்களால் அவ்வளவு தூரம் போக முடியவில்லை.

பான்டியின் நாவலை ஆங்கில மொழிபெயர்ப்பில் வாங்கி வைத்திருக்கிறேன், அடுத்த வாரம் தபாலில் அனுப்புகிறேன். கண் சரியானதும் படி, பென்சிலில் கோடு போட்டுக்கொள். எனக்கு உன்னிடம் கேட்க ஒன்று உண்டு: லெவியின் எழுத்தில் இருக்கும் உறுதி அவர் படங்களில் எனக்குத் தெரியவில்லை. அச்சில் பார்த்ததால்தானா, இல்லை நிஜமாகவே அப்படியா? படங்களின் நகல்களையும் புத்தகத்தோடு வைக்கிறேன். பார்த்துவிட்டு எழுது.

அன்புடன்,
உன் பழைய அறைத்தோழன்